கண்ணின் சாட்சியம்

‘என் கண்ணாலேயே கண்டேன்’ என்று ஒருவர் கூறிவிட்டால், அதற்குமேல் வினவ இடமில்லை என்றே நாம் கருதுகிறோம். அமெரிக்கரான டோனி கான்ராட் 1966ஆம் ஆண்டில் வெளியிட்ட ‘தி ஃபிளிக்கர்’ என்னும் பரிசோதனைக் குறும்படம் இவ்வுறுதியை அசைத்துப் பார்க்கிறது. வலிப்பு நேரக்கூடும் என்ற எச்சரிக்கையும் தலைப்பும் முதலில் வரும். பின்னர், 30 நிமிடப் படத்தின் எஞ்சிய பகுதியில், படச்சுருளில் உள்ளவை கறுப்புக் கட்டங்களும் வெள்ளைக் கட்டங்களுமே. கதையில்லை, முகமில்லை. இதனை அழகென்று சொல்ல நமக்குத் துணிவில்லை. ஆயினும், விட்டுவிட்டு மின்னும் அவ்வொளியின்முன் அமர்ந்தோர் பலர் வண்ணங்களையும் சுழலும் கோலங்களையும் கண்டதாகக் கூறினர்.

அவர்கள் பொய்யுரைக்கவில்லை. கண்டது மெய், கண்ட பொருள்தான் திரையில் இல்லை. கெய்ரோவில் வாழ்ந்த பேரறிஞர் இப்னுல் ஹைதம், 11ஆம் நூற்றாண்டிலேயே தமது ‘கிதாபுல் மனாழிர்’ நூலில், கண்ணை வந்தடையும் ஒளியோடு பகுத்தறியும் ஆற்றலின் தீர்ப்பும் கூடியே காட்சி அமைகிறது என்றும், அத்தீர்ப்பு எங்கெங்கே பிழைபடும் என்றும் விரித்துரைத்துள்ளார். கான்ராட் காட்சிப் பொருள்கள் யாவற்றையும் நீக்கிவிட, பார்ப்பவர் சேர்க்கும் பங்கு மட்டும் தனித்து வெளிப்பட்டது.

அண்டை வீட்டுப் பெண்ணை அந்நிய ஆடவர் ஒருவருடன் தெருமுனையில் கண்டதாக உரைப்பவர், கண்டது எவ்வளவு, தாம் சேர்த்தது எவ்வளவு என்று பிரித்துரைக்கக் கடமைப்பட்டவரல்லரா? இருவர் நிற்கக் கண்டார், அவ்வளவே. ‘அந்நியர்’ என்ற சொல் அவர் சேர்த்தது. அவர் அப்பெண்ணின் தாய்மாமனாகவும் இருக்கலாம்.