கருணையன்று, கடன்!

பல்கலைக்கழக ஊழியர் ஓய்வு பெறுகிறார். மாலை சூட்டுகின்றனர், வாழ்த்துரை வழங்குகின்றனர், "எங்கள் நிறுவனத்தின் தூண்" என்று புகழ்கின்றனர். மறு திங்கள் அந்தத் தூண், தன் பணிக்கொடை என்னவாயிற்று என்று கேட்டு அலுவலக வாயிலில் நிற்கிறது! "கோப்பு மேலே போயிருக்கிறது" – முதலாண்டு விடை. "நிதி வரவில்லை" – இரண்டாமாண்டு விடை. மூன்றாம் ஆண்டில், கேட்பதற்கு ஆள் இருப்பாரா?

மிகையன்று இது. 1857இல் தோன்றிய சென்னைப் பல்கலைக்கழகத்தின் வங்கிக் கணக்குகளை 2024 பிப்ரவரியில் வருமான வரித்துறை முடக்கியது. மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் அதே 2024இல் சம்பளமும் ஓய்வூதியமும் உரிய நாளில் கிடைக்காமல் ஊழியர்கள் போராடினர். அறிவு வளர்த்த கரங்கள் ஆண்டுக் கணக்கில் ஏந்தி நிற்பதா?

"பணமில்லை, என்ன செய்வது?" என்பர் சிலர். மெய்தான், தணிக்கைத் தடைகளாலும் மானியக் குறைவாலும் கருவூலம் வறண்ட நிறுவனங்கள் உண்டு. ஆனால், நாம் கேட்கிறோம்: ஓய்வு பெறும் நாள் திடீரென வந்த வெள்ளமா? பணியில் சேர்ந்த அன்றே ஏட்டில் எழுதப்பட்ட நாளன்றோ அது! முப்பதாண்டு முன்னரே தெரிந்த கடனுக்கு முன்னேற்பாடு செய்யாதது வறுமையன்று, பொறுப்பின்மை.

இன்னொன்றும் கேட்போம். பணம் போதாதபோது காத்திருக்க வேண்டியவர் யார் என்று தீர்ப்பளித்தது எவர்? மின்வாரியம் காத்திராது, விளக்கை அணைக்கும். ஒப்பந்தக்காரர் காத்திரார், வேலையை நிறுத்துவார். பணியில் உள்ளோர் வகுப்பை நிறுத்துவர். ஓய்வு பெற்றவர் எதை நிறுத்துவார்? அவரிடம் எஞ்சியிருப்பது மூச்சு ஒன்றே! எதிர்க்க வலுவற்றவனைப் பார்த்து, அவனைக் கடைசியில் நிறுத்துவது நிதி நிர்வாகமா? எளியோரை ஏய்க்கும் பழைய வழக்கமன்றோ!

ஓய்வூதியம் அரசின் தயவில் கிடைக்கும் பரிசன்று, ஊழியரின் உரிமை என்று உச்சநீதிமன்றம் 1971இலேயே உரைத்தது. 1982இல் மீண்டும் உறுதி செய்தது. 1973இல் ஓய்வு பெற்ற கேரள அரசு ஊழியர் ஒருவருக்கு, சான்றிதழ் வரவில்லை என்று காரணம் காட்டி ஈராண்டுக்கு மேல் இழுத்தடித்தனர். அவ்வழக்கில், குற்றமான தாமதத்துக்கு வட்டி தந்தே தீரவேண்டும் என்றது அதே நீதிமன்றம். 1972ஆம் ஆண்டுப் பணிக்கொடைச் சட்டம் ஆலை முதலாளிக்கு விதித்த கெடு முப்பது நாள். ஆலைக்கு உள்ள அறம், அறிவாலயத்துக்கு இல்லையா?

வட்டி கொடுத்தால் வழு தீர்ந்துவிடுமா? அதுவும் இல்லை. நிறுவனத்துக்கு ஓராண்டு என்பது வரவு செலவுக் கணக்கின் ஓர் ஏடு. அறுபதைக் கடந்தவருக்கோ அது மகளின் மணம், கண்ணின் அறுவை, நோயுற்ற துணைவியின் மருந்து. தவறிய ஓராண்டைத் திருப்பித் தரும் கருவூலம் எங்குமில்லை.

ஆகவே, மாதந்தோறும் ஓய்வுக்கால நிதியைத் தனியே ஒதுக்குக! ஓய்வுக்கு ஓராண்டு முன்பே கோப்பைத் தொடங்குக! தாமதித்தால், வழக்கின்றியே வட்டி வழங்குக! நிதி சுருங்கினால், முதியோரை முதலில் வைத்துப் பங்கிடுக!

தமிழில், வாங்கியதைத் திருப்பித் தருவதற்கும் கடன் என்றே பெயர். செய்யவேண்டிய கடமைக்கும் கடன் என்றே பெயர். உழைத்தவருக்குரியதை உரிய நாளில் ஒப்படைப்பது இரு பொருளிலும் கடன். அதைக் கருணை என்று சொல்லிக் காலம் கடத்துவோர் பணத்தை மட்டும் பிடித்து வைக்கவில்லை. மானத்தையும் பிடித்து வைக்கிறார்கள்.