கருப்பொருளும் கடமையும்

தற்காலக் கலையை விளக்கும் நூல்களில் ஒரு முறை நிலைபெற்றுவிட்டது. காலவரிசையையும் பாணிகளையும் விட்டுவிட்டு, கருப்பொருள்களாகப் பிரித்துக் கலையைப் பேசுவதே அந்த முறை. 1980க்குப் பிந்திய காட்சிக்கலை குறித்து ஜீன் ராபர்ட்சனும் கிரெய்க் மக்டானியலும் எழுதிய பாடநூல் இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. அடையாளம், உடல், காலம், இடம், மொழி, அறிவியல், ஆன்மிகம் என்ற ஏழுக்கும் அதில் தனித்தனி இயல்கள் உண்டு. சிதறிக் கிடக்கும் படைப்புகளுக்கிடையே மாணவர் வழி கண்டுகொள்ள இந்த முறை உதவுகிறது என்பதை மறுக்க முடியாது. ஆனால் இந்த வரிசையில் ஆன்மிகமும் ஒன்றாக வந்து நிற்கும்போது ஓர் அடிப்படைக் கேள்வி எழுகிறது. வழிபாடு என்பது கலைஞர் வேண்டும்போது எடுத்தாண்டு, வேண்டாதபோது வைத்துவிடக்கூடிய ஒரு கருப்பொருள்தானா? அல்ல என்பதே இக்கட்டுரையின் நிலைப்பாடு. புனிதம் என்று நாம் சொல்வது ஒரு பொருள் எதைச் சொல்கிறது என்பதில் இல்லை. அது யாரை எதற்குக் கடமைப்படுத்துகிறது என்பதில் இருக்கிறது. கலையின் ஆழமும் இதே இடத்தில்தான் இருக்கிறது. நம் காலத்துக் கலைநூல்களில், அதாவது நூல் வடிவிலேயே ஆக்கப்படும் கலைப்படைப்புகளில், சிறந்தவை இதை உணர்ந்தே ஆக்கப்பட்டுள்ளன.

இதைச் சோதித்துப் பார்க்க வெருகல் பொருத்தமான ஊர். இலங்கையின் திருகோணமலை மாவட்டத்தின் தெற்கெல்லையில், மகாவலியின் கிளையாகிய வெருகலாற்றங்கரையில் சித்திரவேலாயுத சுவாமி கோயில் இருக்கிறது. ஆற்றைக் கடந்தால் மட்டக்களப்பு மாவட்டம். யாழ்ப்பாணத்துச் செல்வச்சந்நிதியிலிருந்து கதிர்காமத்துக்குக் கால்நடையாகச் செல்லும் அடியார்களின் வழியும் இதுவே. அந்தப் பாதயாத்திரையை மேற்சொன்ன ஏழு இயல்களுக்குள் பிரித்துவைக்க முயன்றால் பிரிப்பே குலைந்துவிடும். நடப்பது உடல், நடக்கும் நாளைக் குறிப்பது கொடியேற்றத்தின் காலம், ஒவ்வொரு கோயிலும் ஓர் இடம், வாயில் இருப்பது முருகன் பெயர் என்ற மொழி, வழியில் எல்லோரும் சாமி என்று அழைக்கப்படுவதால் வீட்டு அடையாளம் கழன்றுவிடுகிறது. இவற்றைச் சேர்த்துக் கட்டியிருப்பது ஒரு நேர்த்தி, அதாவது நிறைவேற்றியாக வேண்டிய கடன். அந்தக் கடனை எடுத்துவிட்டால் மிஞ்சுவது ஒரு நீண்ட நடை மட்டுமே. வெருகல் கோயிலின் பழைய கல்வெட்டும் இதே செய்தியைத்தான் சொல்கிறது. தெற்கு மதில் கயிலாய வன்னியனாரின் உபயம் என்றும், ஏனைய மதில்கள் வேறு உபயகாரர்களுடையவை என்றும் அது பதிந்துவைத்திருக்கிறது. மதிலின் அழகையோ அதன் உட்கருத்தையோ அது பேசவில்லை. எந்தப் பக்கத்தை யார் ஏற்றார்கள் என்பதையே நிலைக்க வேண்டிய செய்தியாகக் கருதியிருக்கிறது.

வெறும் பொருளுக்கும் கலைப்பொருளுக்கும் என்ன வேறுபாடு என்பது கடந்த நூற்றாண்டின் கலைத் தத்துவத்தை அலைக்கழித்த கேள்வி. 1917இல் மார்செல் டுஷாம்ப் ஒரு சிறுநீர்த் தொட்டியைக் கண்காட்சிக்கு அனுப்பினார். 1964இல் ஆண்டி வார்ஹோல், கடையில் அடுக்கிவைக்கும் பிரில்லோ பெட்டிகளைப் போலவே செய்த பெட்டிகளை நியூயோர்க்கில் காட்சிக்கு வைத்தார். கண்ணால் பார்த்து வேறுபாடு காண முடியாத இரண்டு பெட்டிகளில் ஒன்று மட்டும் எப்படிக் கலையாகிறது என்று தத்துவவாதி ஆர்தர் டான்டோ கேட்டார். கலை வரலாறும் கோட்பாடும் சேர்ந்த ஒரு சூழலே அதைக் கலையாக்குகிறது என்பது அவருடைய விடை. கொழும்பில் பிறந்து பொஸ்டன் அருங்காட்சியகத்தில் பணியாற்றிய ஆனந்த குமாரசுவாமி அதற்கு முன்பே வேறொரு கோணத்திலிருந்து இதை அணுகியிருந்தார். 1908இல் வெளிவந்த ‘மத்தியகாலச் சிங்களக் கலை’ என்ற நூலில், புத்தர் சிலைக்குக் கண் வரையும் நேத்திர மங்கலச் சடங்கை அவர் விவரித்தார். சிலை முழுதாகச் செதுக்கப்பட்டு வண்ணம் தீட்டப்பட்ட பின்னும், கண் திறக்கும்வரை அது பொருள்தான். சைவ மரபின் கண்திறப்புச் சடங்காகிய நயனோன்மீலனமும் இதையே சொல்கிறது. கலைப்பொருள் ஒரு தேவைக்காகச் செய்யப்படுவது, அந்தத் தேவையிலிருந்து பிரித்துக் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்தால் அதன் உயிர் குறைகிறது என்று குமாரசுவாமி பின்னாளில் தொடர்ந்து வாதிட்டார். டான்டோவின் விடையில் அறிந்தவர்களின் வட்டம் இருக்கிறது. குமாரசுவாமியின் விடையில் பயன் இருக்கிறது. இரண்டும் உண்மையை நெருங்குகின்றன, ஆயினும் எதுவும் முழுமையாக இல்லை. கோட்பாடு தெரிந்தவர்கள் எல்லோரும் மறைந்தாலும் ஒரு பொருள் புனிதமாக நீடிக்கலாம். பயன் நின்றுபோன பின்னும் நீடிக்கலாம். அப்படி நீடிக்கச் செய்வது எது?

இந்தக் கேள்விக்குத் திருகோணமலையே விடை தருகிறது. அங்கிருந்த கோணேசர் கோயிலைப் பதினேழாம் நூற்றாண்டின் முற்பகுதியில் போர்த்துக்கேயர் இடித்தனர். அதன் கற்கள் கோட்டை கட்டப் பயன்பட்டன. கோயிலாகப் பார்ப்பதற்கு எதுவும் எஞ்சவில்லை, சடங்கு செய்ய மூலத்தானமும் இல்லை. ஆனால் ஒரு நூல் எஞ்சியது. கவிராசவரோதயர் பாடிய ‘கோணேசர் கல்வெட்டு’ கோயிலின் அழகை வருணிப்பதோடு நின்றுவிடவில்லை. தானத்தார், வரிப்பத்தார் முதலான கோயில் ஊழியர் யார், எவருக்கு எந்தத் தொழும்பு, எதை யார் கொடுக்க வேண்டும் என்பதையெல்லாம் வகுத்துக் கூறும் கடமைப் பதிவு அது. தம்பலகாமத்தில் ஆதிகோணநாயகர் என்ற பெயரில் இறைவனுக்கு வழிபாடு தொடர்ந்தது. 1950இல் திருகோணமலையில் கிணறு தோண்டியபோது மண்ணுக்குள்ளிருந்து பழைய செப்புத் திருமேனிகள் வெளிப்பட்டன. அவை தொல்பொருளாகி ஒரு காட்சிசாலைக்குப் போயிருக்கலாம். அப்படி நடக்கவில்லை. தமக்கு இதில் கடமை இருக்கிறது என்று எண்ணிய மக்கள் அங்கே இருந்தார்கள். திருமேனிகள் கோயிலுக்கு மீண்டன. 1963இல் புதிய கோயிலுக்குக் குடமுழுக்கு நடந்தது. முந்நூறு ஆண்டுகளுக்கு மேல் கட்டடம் இல்லாதிருந்த இடத்தின் புனிதத்தைக் கல் காக்கவில்லை, சடங்கும் தனித்துக் காக்கவில்லை. ஏற்றுக்கொண்ட கடனை மறக்க மறுத்த மனிதர்களும், அந்தக் கடனை எழுதிவைத்த ஒரு நூலும் சேர்ந்தே காத்தன.

இந்தப் பின்னணியில் வைத்துப் பார்த்தால்தான் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஓவியர் தா. சனாதனனின் ‘இன்கம்ப்ளீட் தோம்பு’ என்ற கலைநூலின் சிறப்பு விளங்கும். ஷர்மினி பெரேராவின் ரேக்கிங் லீவ்ஸ் பதிப்பகம் 2011இல் அதை வெளியிட்டது. தோம்பு என்பது போர்த்துக்கேயரும் ஒல்லாந்தரும் வரி வசூலிக்கத் தொகுத்த காணிப் பதிவேடு. ஆள்பவர் ஆளப்படுபவரிடமிருந்து பெற வேண்டியதைக் குறித்த ஏடு அது. சனாதனன் அந்த வடிவத்தை எடுத்து அதன் திசையைத் திருப்பினார். போரால் வீட்டை இழந்த தமிழ்பேசும் மக்கள் தம் வீட்டின் தரைப்படத்தை நினைவிலிருந்து தம் கையாலேயே வரைகிறார்கள். அது கட்டடக் கலைஞரின் வரைபடமாக மறுபடி வரையப்படுகிறது. அதன் பக்கத்தில் ஓவியரின் சித்திரமும் வீட்டுக்காரரின் கதையும் வருகின்றன. கருப்பொருள் நூல் ஒன்று இதை ‘இடம்’ என்ற இயலிலோ ‘காலம்’ என்ற இயலிலோ சேர்த்துவிட்டுப் போகும். அப்படிச் சேர்ப்பதில் பிழையில்லை. ஆனால் நூலின் உயிர் அங்கே இல்லை. வரைந்தவருக்கு அவர் வீடு இன்னும் தரப்பட வேண்டியதாகவே இருக்கிறது என்று ஒவ்வொரு பக்கமும் சொல்கிறது. கிணறு எங்கே, சாமியறை எங்கே, மாமரம் எங்கே நின்றது என்ற விவரங்கள் நினைவின் அழகுக்காக இடம்பெறவில்லை. உறுதிப் பத்திரம் தொலைந்தவர்களின் உறுதியாக அவை நிற்கின்றன. இழப்பு என்பதை ஒரு கருப்பொருளாக எடுத்தாளாமல், இழந்தவருக்கு உரியதைப் பதிவுசெய்யும் செயலாகவே இந்நூல் தன்னை ஆக்கிக்கொண்டது. அந்த வகையில் அது கோணேசர் கல்வெட்டின் மரபைச் சேர்ந்தது.

நம்பிக்கையுள்ள ஒருவர் இங்கே குறுக்கிடலாம். இறைவனின் இருப்பு மக்களின் கடமையுணர்வைச் சார்ந்ததா? மக்கள் மறந்தால் கடவுள் இல்லாமல் போவாரா? இது புறந்தள்ளக்கூடிய மறுப்பு அல்ல. இறைவன் எங்கும் நிறைந்தவன் என்பதே சைவத்தின் துணிபு; அதில் ஐயமில்லை. ஆனால் இந்தக் கல்லில், இந்தக் கும்பத்தில், இந்த வேலில் அவன் எழுந்தருளுவது வேறு செய்தி. ஆகம மரபு ஆவாகனத்தையும் விடைகொடுத்தலையும் விதித்திருக்கிறது. திருப்பணி நடக்கும்போது பாலத்தாபனம் செய்து இருப்பை வேறிடத்துக்கு மாற்றுகிறது. பூசை தடைப்பட்டால் பிராயச்சித்தமும், காலம் கடந்தால் குடமுழுக்கும் வேண்டும் என்கிறது. பொருளில் உறையும் புனிதம் அழைத்துப் பேணப்படுவது என்பதை மரபே ஒப்புக்கொள்கிறது. இன்னும் ஆழமான சான்று மெய்கண்டாரின் சிவஞானபோதம். அதன் பன்னிரண்டாம் சூத்திரம் அடியவரின் வேடத்தையும் ஆலயத்தையும் அரன் என்றே வணங்கச் சொல்கிறது. அன்பால் கட்டுண்ட மனிதரையும் கட்டடத்தையும் அது ஒரே தட்டில் வைக்கிறது. கோயிலுக்குக் கொடுப்பது நடமாடும் கோயிலாகிய மனிதரைச் சேராது, மனிதருக்குக் கொடுப்பதோ இறைவனையும் சேரும் என்ற திருமூலரின் தீர்ப்பு இதைவிடவும் ஒரு படி மேலே போகிறது. ஆகவே புனிதத்தைக் கடமையோடு பிணைப்பது கடவுளைச் சிறுமைப்படுத்துவதாகாது. அவன் நம்மிடம் கேட்பது என்ன என்பதைச் சரியாகப் புரிந்துகொள்வதே அது.

எதிர்ப்பக்கத்திலிருந்து வரும் மறுப்பு இதைவிடக் கூர்மையானது. கடமை என்ற பெயரில்தான் கோயில்கள் சாதிப் படிநிலையைக் காத்தன. யாருக்கு எந்தத் தொழும்பு என்ற அதே ஏற்பாடு, யார் உள்ளே வரக்கூடாது என்பதையும் வகுத்தது. 1968இல் யாழ்ப்பாணத்து மாவிட்டபுரத்தில் ஒடுக்கப்பட்ட சாதியினர் ஆலயப் பிரவேசத்துக்காகப் போராட வேண்டியிருந்தது இந்த வரலாற்றின் பகுதி. தற்காலக் கலை கடமைகளிலிருந்து விடுபட்டு, சமயத்தையே ஒரு கருப்பொருளாக எடுத்துக் கேள்வி கேட்க முடிந்ததால்தானே இவற்றைப் பேச முடிந்தது? இதில் பெரும் உண்மை இருக்கிறது. விமரிசிக்கும் சுதந்திரம் இல்லாத கலை அடிமைத்தொழில் ஆகிவிடும். ஆனால் அந்தப் போராட்டத்தில் நின்றவர்கள் கோயிலை ஒரு கருத்தாகப் பார்த்து விமரிசித்துவிட்டு விலகவில்லை. இந்தக் கோயில் எங்களுக்கும் உரியது, நாங்களும் இதற்கு உரியவர்கள் என்றார்கள். அநீதியாகப் பங்கிடப்பட்ட கடமைக்கு மாற்று, நீதியாகப் பங்கிடப்படும் கடமைதான். கடமையே இல்லாத நிலை நலிந்தவரைக் கைவிடும். எனவே ஒரு கோயிலையும் ஒரு கலைப்படைப்பையும் ஒரே அளவுகோலால் அளக்கலாம்: இது யாரைத் தன் கடமைக்குள் சேர்க்கிறது, யாரை வெளியே நிறுத்துகிறது? ஆள்பவருக்கு உரியதைக் குறித்த தோம்பை வீடிழந்தவருக்கு உரியதைக் குறிக்கும் தோம்பாகத் திருப்பியபோது சனாதனனின் நூல் இந்த அளவுகோலில் தேறியது. விமரிசனமும் கடமையும் ஒன்றையொன்று விலக்குவதில்லை என்பதற்கு அதுவே சான்று.

இன்னொரு மறுப்பும் உண்டு. கலைநூல் சில பிரதிகளே அச்சாகும், விலை கூடியது, நூலகத்திலும் சேகரிப்பாளர் வீட்டிலும் தங்கிவிடும். மூடி வைத்தால் அதன் கடமையும் முடிந்துவிடுகிறதே என்பது. நூலைப் பூசிக்க முடியாது, தேரில் ஏற்ற முடியாது என்பதும் சரிதான். ஆனால் ஒரு நூல் எத்தனை பேரிடம் போகிறது என்பதைவிட அது எதைச் செய்யச் சொல்கிறது என்பதே அதன் வலிமை. கோணேசர் கல்வெட்டும் எல்லோர் வீட்டிலும் இருந்ததில்லை. இன்னொரு கலைநூலையும் பார்க்கலாம். சனாதனன், முகன்னத் காதர், சந்திரகுப்த தேனுவர, ஜகத் வீரசிங்க ஆகிய நான்கு ஓவியர்கள் போர் மூண்டுகொண்டிருந்த ஆண்டுகளில் தபால்வழியே ஓவியங்களைப் பரிமாறிக்கொண்டார்கள். 2008இல் அந்தப் பரிமாற்றம் நூலாயிற்று. ஓவியம் கிடைத்தவர் பதிலாக வரைந்தாக வேண்டும் என்பதே அதன் அடிப்படை. மூன்று சமூகங்களைச் சேர்ந்தவர்களிடையே பதில் சொல்லும் பொறுப்பு அறாமல் காத்தது அது. அச்சான நூல் அந்தப் பொறுப்பின் சாட்சி. வாசகர் அதை மூடிவைக்கலாம். ஆனால் படித்த பிறகு தெரியாது என்று சொல்ல முடியாது.

வெருகலையும் ஈச்சிலம்பற்றையும் சேர்ந்த மக்கள் 2004இன் ஆழிப்பேரலையையும், மாவிலாற்றில் தொடங்கி 2006இல் மூண்ட போரையும் இரண்டே ஆண்டுகளுக்குள் சுமந்தவர்கள். ஆற்றைக் கடந்து வாகரைக்குப் போனவர்களை அங்கும் எறிகணைகள் தொடர்ந்தன. அவர்களுடைய அனுபவத்தை ‘நினைவு’, ‘இடம்பெயர்வு’, ‘ஆன்மிகம்’ என்ற தலைப்புகளுக்குள் அடுக்கி எழுதுவது எளிது. அப்படி எழுதப்படும் நூல் படிக்கப்பட்டு மறக்கப்படும். அவர்களுக்கு என்ன தரப்பட வேண்டியிருக்கிறது, இறந்தவர்களுக்கு என்ன செய்ய வேண்டியிருக்கிறது, அப்பகுதியில் வாழும் கரையோர வேடர்களின் கல்லும் கோபுரமும் இல்லாத வழிபாட்டிடங்களை யார் காப்பது என்று கேட்டு எழுதப்படும் நூலே இங்கே கலையாகவும் அறமாகவும் நிற்கும். தமிழில் கலை பற்றி எழுதுவோர் ஒரு படைப்பைப் பார்த்தவுடன் இது எதைப் பற்றியது என்று கேட்டுப் பழகிவிட்டோம். அந்தக் கேள்விக்கு முன்பாக, இது யாருக்கு என்ன கடன்பட்டிருக்கிறது என்று கேட்கப் பழக வேண்டும். சமயத்திடமிருந்து கலை கற்க வேண்டியது படிமங்களும் குறியீடுகளும் அல்ல. ஏற்றுக்கொண்டதைக் கைவிடாதிருக்கும் உறுதியைத்தான்.