அரசு நெய்யும் பொய்யும் அளவை நெறியும்

பொய் இருவகைப்படும். ஒருவன் தன்னலங் கருதிக் கூறுவது ஒன்று. ஓர் அரசு தன் ஆட்சியை அறமெனக் காட்டுதற்பொருட்டு ஆணையிலும் ஏட்டிலும் பள்ளிப் பாடத்திலும் பரப்புவது மற்றொன்று. முன்னது கூறினானோடு பெரும்பாலும் மாயும். பின்னது சிறார் உள்ளத்தே வேரூன்றி, அவர்தம் மக்கட்கும் தாயமாய்ச் செல்லும். இத்தகைய பொய் நாளடைவில் மெய்யாதல் கூடுமோ, கூடாதெனின் அதனை அறியுமாறு எங்ஙனம் என்பது ஈண்டு ஆராயப்படும்.

முத்துக்குளித்துறையாகிய தூத்துக்குடிக்கு அணித்தே, ஒட்டப்பிடாரத்தை அடுத்துள்ள பாஞ்சாலங்குறிச்சி இதற்குத் தக்க சான்றாம். ஆர்க்காட்டு நவாபு தமக்குச் செலுத்தற்குரிய தொகையின்பொருட்டுப் பாளையக்காரரிடம் திறை தண்டும் உரிமையை ஆங்கிலக் கும்பினியார் 1792-ஆம் ஆண்டு உடன்படிக்கையாற் பெற்றனர். அவ்வுரிமையைப் பற்றி எழுந்த பூசலின் முடிவில், 1799 அக்டோபர் 16-ஆம் நாள், கட்டபொம்மு நாயக்கர் கயத்தாற்றில் ஏனைப் பாளையக்காரர் முன்னிலையில் தூக்கிலிடப்பட்டார். அவர் தம்பி ஊமைத்துரை 1801 பிப்ரவரியிற் பாளையங்கோட்டைச் சிறையினின்று தப்பிக் கோட்டையை மீண்டும் எழுப்பினார். அதுவும் மே மாதம் 24-ஆம் நாள் வீழ்ந்தது. கும்பினியார் கோட்டையைத் தரைமட்டமாக்கியதோடு அமையாது, ஊரின் பெயரையும் கணக்கேடுகளினின்று நீக்கினர். எதிர்த்தோர்க்குக் கலகக்காரர், கொள்ளையர் என்னும் பெயர்களே அவர்தம் ஆவணங்களிற் பயின்று வந்தன.

மண்ணை அழித்தல் படையின் தொழில். பெயரை அழித்தல் எழுத்தின் தொழில். படை ஒரு நாளிற் செய்ததை நிலைபெறச் செய்வது எழுத்தே. அவ்வெழுத்தும் முழுப் பொய்யாய் இராது. தறியிற் பாவு முன்னரே நீட்டப்பட்டிருக்கும்; ஊடு பின்னர்ப் பாயும். அதுபோல நாளும் இடமும் ஆளும் தொகையும் உண்மைப் பாவாக நிற்ப, அரசின் பயன் ஊடாகப் பாய்கின்றது. திறை நிலுவையிருந்தது மெய். அது தண்டுவோன் உரிமை ஐயத்திற்கிடமின்றி அறவழிப்பட்டது என்பது ஊடு. பூசல் நிகழ்ந்தது மெய். பூசலிட்டோர் யாவரும் கள்வர் என்பது ஊடு. பாவு மெய்யாதலின் ஆடை முழுவதும் மெய்யெனக் கற்றாரும் மயங்குவர்.

இம்மயக்கத்தின் வேர் யாது? ஆணவமே என்பது சித்தாந்தத் துணிபு. புறவிருள் பொருள்களை மறைப்பினும் தன்னையேனும் காட்டும். ஆணவமோ தன்னையுங் காட்டாது என உமாபதி சிவாசாரியர் திருவருட்பயனுள் விளக்கினார். அரசு நெய்யும் பொய்யும் அன்னதே. அது பிறரை ஏய்க்கத் தொடங்கி, நெய்தானையே முதற்கண் மறைக்கும். தான் செய்வது கொடுமையென உணர்ந்து செய்வோர் சிலர். நாட்டுக்கு அமைதி நல்குகின்றோம் எனத் தாமே நம்பிச் செய்தோர் பலர்.

ஆயினும் மறைத்தல் வேறு, இல்லையாக்கல் வேறு. மறைக்கப்பட்ட மெய் நெய்தவர் கைவழியே வெளிப்படுதலைக் காண்க. 1798-இல் இராமநாதபுரத்தில் நேர்ந்த குழப்பத்தைக் கும்பினியாரே விசாரித்தபின் கலெக்டர் ஜாக்சன் பதவியிழந்தார். கட்டபொம்மரைத் தூக்கிலிட்ட பானர்மன், அவர் அஞ்சாநெஞ்சினராய், தம்மை எதிர்த்த பாளையக்காரரை இகழ்ச்சியோடு நோக்கிச் சென்றமையைத் தம் மேலோர்க்கு எழுதிய மடலிற் குறித்தார். 1801-இல் ஊமைத்துரையின் படையினர் தூத்துக்குடியைக் கைப்பற்றிய ஞான்று, அகப்பட்ட ஆங்கில அதிகாரியைக் கொல்லாது விடுத்தனர். அப்போரில் எதிர்நின்று பொருத ஜேம்ஸ் வெல்ஷ், 1830-இல் வெளியிட்ட தம் நினைவுநூலில் ஊமைத்துரையை வியந்து எழுதினார். கொள்ளையர் என்ற சொல்லோடு இவை ஒவ்வுமோ?

அற்றேல், அரசின் ஏட்டைத் தள்ளி மக்கள் வழங்கும் கதையையே மெய்யெனக் கொள்ளுதும் எனின், அதுவும் பொருந்தாது. தோற்றோரும் நெய்வர், அன்பினாலும் நெய்வர். எட்டயபுரத்தார் கும்பினியாரோடு சேர்ந்து வெளிப்படையாகப் பொருத பகைவர். கட்டபொம்மரைப் பிடித்து ஒப்புவித்தவரோ புதுக்கோட்டைத் தொண்டைமான். எனினும் காட்டிக்கொடுத்தோன் என்பதற்கு எட்டப்பன் என்னும் பெயரே உலக வழக்காய் நிலைத்தது. 1959-இல் வெளிவந்த திரைப்படத்தைக் கண்டோர் அவர் திறையே செலுத்தாது மறுத்தவர் எனக் கருதுவர். இராமநாதபுரத்திற்கு வருமுன் நிலுவையிற் பெரும்பகுதியை அவர் செலுத்தியிருந்தார் என ஏடுகள் காட்டுகின்றன. இவற்றைக் கூறுதல் அவர் வீரத்தைக் குறைப்பதாகாது. கயத்தாற்றில் அஞ்சாது நின்றவர்க்குப் பொய்யணி வேண்டுவதில்லை. ஆனால் ஒரு குடும்பத்தின் பெயர் வழிவழியாக வசைச்சொல்லாய் நிற்றல், ஓர் ஊரின் பெயரைக் கணக்கினின்று நீக்கியதற்கு எத்துணை வேறுபட்டது என்பதை நடுநின்று எண்ணுதல் வேண்டும்.

சிவஞான சித்தியார் சுபக்கம் அளவையை முன்வைத்துத் தொடங்குவது இதுபற்றியே. காட்சி, கருதல், உரை என்னும் மூன்றனுள் உரையளவை எல்லார் சொல்லுமன்று; மலமற்ற முதல்வன் மொழியே ஐயமின்றிக் கொள்ளத்தக்கது. ஏனையோர் சொல், அரசாணையாயினும் ஊர்ப்பாட்டாயினும், ஆய்ந்தே கொள்ளற்பாலது. ஆப்தனல்லாதான் தன்னை ஆப்தன்போல் நிறுத்திக்கொள்ளுதலே அரசுப் பொய்யின் அடிப்படைக் குற்றம்.

அங்ஙனமாயின் ஏடுகள் யாவும் பொய்யென எறிந்துவிடலாமோ எனின், அன்று. முத்துக்குளிப்பு நிகழ்ந்த காலங்களில் இக்கடற்கரையார் சிப்பிகளைக் குவித்து அழுகவிட்டு, அம்முடைநாற்றம் பொறுத்துக் கழுவியே முத்தெடுத்தனர். எடுத்தவற்றையும் பல அளவுத் துளைகளையுடைய சல்லடைகளில் இட்டுத் தரம் பிரித்தனர். நாற்றத்துக்கஞ்சி எறிந்தவன் முத்தை இழப்பான். கழுவாது கொண்டவன் அழுகலைச் சுமப்பான். பகைவன் ஏட்டையும் நம்மவர் பாட்டையும் ஒரே சல்லடையில் இட்டு அரித்தல் வேண்டும். வெறுப்பால் ஒரு துளையும் விருப்பால் ஒரு துளையும் வைத்தல் ஆகாது.

பாஞ்சாலங்குறிச்சி கணக்கினின்று நீக்கப்பட்டது. நீக்கிய கும்பினியும் 1858-இல் ஆட்சியிழந்தது. 1974-இல் தமிழ்நாட்டரசு அவ்விடத்தே நினைவுக் கோட்டை எழுப்பியது. ஊர் தன் பெயரோடு நிற்கின்றது. மெய்யை மறைக்கலாம், அழித்தல் இயலாது. அதனைக் காணத் தடையாவது அரசின் ஆணவம் மட்டுமன்று, காண்பான் உள்ளத்து ஆணவமும் ஆகும். இரண்டனையும் ஒருங்கே ஐயுற்று ஆராய்தல் சைவ நன்மக்கட்குக் கடனென்க.