பேரு இல்லன்னா ஆளு இல்லையா?

'உன் பேரு லிஸ்ட்ல இல்ல.' வட சென்னையில் ஒவ்வொரு தேர்தலுக்கும் பூத் வாசலில் கேட்கிற வாக்கியம் இது. தமிழ் எம்.ஏ. படித்த பழக்கத்தில் இதன் இலக்கணத்தைக் கொஞ்சம் பார்க்கலாம். 'உன்' என்பது முன்னிலை. எதிரில் ஓர் ஆள் நிற்கிறார், அவரைப் பார்த்துத்தான் பேசுகிறேன் என்று ஒப்புக்கொள்கிற சொல். (மரியாதை மட்டும் வெட்டுப்பட்டிருக்கும். வசதியான பேட்டை பூத்தில் இதே வாக்கியம் 'உங்க பேரு, சார்' என்றுதான் தொடங்கும்.) கடைசிச் சொல் 'இல்ல'. ஒரே வாக்கியத்துக்குள் ஆள் இருக்கவும் செய்கிறார், இல்லாமலும் போகிறார். இந்த வித்தை தீண்டாமைக்கு நல்லாவே தெரியும். வேலைக்கு இருப்பான், பந்தியில் இருக்க மாட்டான். சாவுக்குப் பறையடிக்க இருப்பான், சுடுகாட்டுப் பாதையில் அவன் பிணம் மட்டும் போகக் கூடாது.

சரி, அப்படி வாசலில் நிற்கிற ஒருவர், 'நான் இந்த ஊர்க்காரி, எனக்கு வயசு ஆச்சு, இப்பவே பேர எழுதிக்கோ, இப்பவே ஓட்டுப் போடறேன்' என்று கேட்டால் என்ன? பதிவும் ஓட்டும் ஒரே நாளில். நம் சட்டத்தில் இதற்கு இடமில்லை. 1950-ஆம் ஆண்டு மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தின் 23-ஆம் பிரிவு, வேட்புமனுத் தாக்கலின் கடைசி நாளோடு பட்டியலைப் பூட்டிவிடுகிறது. 1951-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 62-ஆம் பிரிவு, பட்டியலில் பேர் இல்லாதவர் ஓட்டுப் போட முடியாது என்கிறது. ஆனால் இரண்டுக்கும் மேலே அரசியல் சட்டத்தின் 326-ஆம் பிரிவு இருக்கிறது. சட்டம் தகுதிநீக்கம் செய்யாத, 18 வயது நிறைந்த குடிமக்கள் எல்லாரும் வாக்காளராகப் பதிவு பெற உரிமையுடையவர்கள் என்கிறது அது. பதிவு நம் உரிமை என்றால், பதிவு செய்வது அரசு நமக்குப் பட்ட கடன். கடன் வாங்கியவன் நோட்டில் எழுத மறந்துவிட்டு, 'நோட்டுல இல்ல, அதனால கடனே இல்ல' என்று சொல்ல முடியுமா?

இதை நிர்வாகப் பிரச்சனை என்று ஒதுக்குகிறார்கள். எனக்கு இது அறம் சம்பந்தப்பட்ட கேள்வியாகப் படுகிறது. ஆள் முந்தியா, பட்டியல் முந்தியா? பட்டியல் தப்பாக இருந்தால் அந்தத் தப்பின் சுமை யார் தலையில் ஏறுவது?

பேசின் பிரிட்ஜில் நின்று இந்தக் கேள்வியைக் கேட்டுப் பார்க்கலாம். ஒரு பக்கம் சென்ட்ரலுக்குப் போகிற தண்டவாளங்கள். இன்னொரு பக்கம் பக்கிங்காம் கால்வாய், மின்நிலையம், குடோன்கள். பிளாட்பாரத்தில் குடும்பங்கள். மூட்டை தூக்குகிறவர்கள், குப்பை பொறுக்குகிறவர்கள், மீன்பாடி வண்டி ஓட்டுகிறவர்கள். பாட்டி பிள்ளை பெற்ற அதே பிளாட்பாரத்தில் பேத்தியும் பிள்ளை பெற்றிருக்கிறாள். நிலையாக வசிப்பது என்றால் இதைவிட என்ன வேண்டும்?

சட்டத்தைப் புரட்டினால் அதில் நியாயமும் கிடக்கிறது. ஓரிடத்தில் வீடு சொந்தமாக இருக்கிற ஒரே காரணத்தால் ஒருவர் அங்கே வசிப்பவர் ஆகிவிட மாட்டார் என்று 1950 சட்டத்தின் 20-ஆம் பிரிவு சொல்கிறது. வீடில்லாதவரிடம் முகவரிச் சான்று கேட்க வேண்டியதில்லை. படிவம் 6-இல் அவர் எழுதிய இடத்துக்கு பி.எல்.ஓ. ஒரு ராத்திரிக்கு மேல் போய், அவர் அங்கேதான் தூங்குகிறாரா என்று பார்த்தால் போதும் என்பது தேர்தல் ஆணையத்தின் வழிமுறை. படுத்த இடமே முகவரி. நல்ல விதிதான். ஆனால் பிளாட்பாரத்து ராத்திரி அப்படி ஒழுங்காக இருக்காது. மழை வரும். கால்வாய்த் தண்ணி ஏறும். 'எழுந்துரு, மந்திரி வர்றாரு' என்று லத்தி வரும். பார்க்க வருகிற ராத்திரிகளில் எல்லாம் ஆள் அதே இடத்தில் படுத்திருக்க வேண்டும். பங்களாக்காரரை யாரும் தூங்கும்போது வந்து எண்ணுவதில்லை.

ஒரு தேர்தலில், ஒரு பூத் வாசலில், பேசின் பிரிட்ஜ் பக்கத்து அக்கா ஒருவர் கேட்டது எனக்கு மறக்காது. கையில் பழைய வாக்காளர் அட்டை. பட்டியலில் பேர் இல்லை. 'ஏம்பா, செத்தவ பேரு இருக்குது, நிக்கிறவ பேரு இல்லியா? நான் நிக்கிறது உன் கண்ணுக்குத் தெரியுதா இல்லியா, அத மொதல்ல சொல்லு.' தத்துவம் படித்தவர்கள் இருப்பு, இன்மை என்று பக்கம் பக்கமாக எழுதுவதை அக்கா ரெண்டு வரியில் கேட்டுவிட்டார். பதில் சொல்ல அங்கே ஆள் இல்லை.

நம் ஜனநாயகத்துக்கு ஆயிரம் வருஷப் பழமை உண்டு என்று சொல்ல எல்லாரும் உத்திரமேரூருக்குப் போவார்கள். முதலாம் பராந்தகன் காலத்து, 919, 921-ஆம் ஆண்டுகளின் கல்வெட்டுகள். குடவோலை முறை. அந்தக் குடத்துக்குள் யார் பேர் எழுதின ஓலை போகலாம்? இறை கட்டும் நிலம் கால் வேலிக்கு மேல் இருக்க வேண்டும். சொந்த மனையில் வீடு இருக்க வேண்டும். வயது 35-க்கு மேல் 70-க்குள். வேதம் தெரிந்திருக்க வேண்டும். பார்ப்பனச் சபை அது. ஓலையைக் குடத்தில் போடுவதற்கு முன்னாலேயே தேர்தல் முடிந்துவிட்டது. அந்த நிலத்தில் ஏர் பிடித்தவன் பேரை எந்த ஓலையும் சுமக்கவில்லை. சொந்த மனை என்கிற நிபந்தனை இன்றைய சட்டத்தில் கிடையாது. ஆனால் 'கரண்ட் பில்லு இருக்கா, வீட்டு ரசீது இருக்கா' என்று கேட்கிறபோது அது பின்வாசல் வழியாக உள்ளே வந்துவிடுகிறது.

வெள்ளைக்காரன் ஆட்சியிலும் சொத்து வைத்தவனுக்கும் வரி கட்டியவனுக்கும்தான் ஓட்டு. 1921-இல் பி அண்ட் சி மில் வேலைநிறுத்தத்தை ஒட்டி இங்கே பக்கத்தில் புளியந்தோப்பில் குடிசைகள் எரிந்தபோது, ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்கான பிரதிநிதிகளை அரசு நியமித்துக்கொண்டிருந்தது. 1919-இல் சௌத்பரோ குழு முன்னால் சாட்சி சொன்ன அம்பேத்கர், சொத்து இல்லாததைக் காரணம் காட்டித் தீண்டப்படாதவருக்கு ஓட்டை மறுக்கக் கூடாது, சொத்து சேராததற்கே தீண்டாமைதான் காரணம் என்று வாதாடினார். 1928-இல் சைமன் கமிஷனிடம் வயது வந்த எல்லாருக்கும் ஓட்டுக் கேட்டார். அந்த வாதத்தை இன்றைக்கு நாம் இப்படி நீட்டலாம்: முகவரி இல்லாததைக் காரணம் காட்டி ஓட்டை மறுக்காதே, முகவரியைப் பிடுங்கினதே நீதான்.

பிடுங்கினது பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். கூவம் கரையிலும் பக்கிங்காம் கால்வாய்க் கரையிலும் இருந்தவர்களைக் கண்ணகி நகருக்கும் பெரும்பாக்கத்துக்கும் வண்டியில் ஏற்றி அனுப்பினார்கள். வேலை இங்கே, வீடு அங்கே. பாதிப் பேர் பொழப்புக்காகத் திரும்பி வந்து பிளாட்பாரத்தில் படுக்கிறார்கள். 2025 அக்டோபர் 27-இல் அறிவிக்கப்பட்ட சிறப்புத் தீவிரத் திருத்தத்தில், 2002, 2005-ஆம் ஆண்டுப் பட்டியல்களில் உன் பேரோ உன் பெற்றோர் பேரோ எங்கே இருந்தது என்று கேட்டார்கள். 2004 டிசம்பர் 26 சுனாமிக்குப் பிறகு வட சென்னைக் கடலோரத்துக் குடும்பங்கள் எத்தனை, தற்காலிகக் கொட்டகைகளில் கிடந்தன! 2005 என்றால் அவர்களுக்கு ஞாபகம் வருவது கொட்டகைதான், பாகம் எண்ணும் வரிசை எண்ணும் எப்படி ஞாபகம் இருக்கும்? டிசம்பர் 19-இல் வந்த வரைவுப் பட்டியலில் தமிழ்நாட்டில் சுமார் 97 லட்சம் பேரைக் காணோம். அதில் செத்தவர்கள் சுமார் 27 லட்சம் என்றார்கள். சுமார் 66 லட்சம் பேர் இடம் மாறியவர்கள், முகவரியில் இல்லாதவர்கள் என்றார்கள். சென்னை மாவட்டத்தில் மட்டும் 40 லட்சத்தில் 14 லட்சத்துக்கு மேல் போயிற்று. திரும்பச் சேர அவகாசம் தந்தது உண்மை. படிவம், ஆவணம், ஒரு நாள் கூலி, இவை கையில் உள்ளவர்களுக்கு அது அவகாசம்.

தோழர்களே, நாம் ரெண்டு பட்டியலில் வாழ்கிறவர்கள். 1936-இல் வெள்ளைக்காரன் போட்டு, 1950-இல் நம்மவர்கள் மறுபடி எழுதின பட்டியல் ஒன்று. அதனால்தான் நமக்குப் பட்டியல் சாதி என்றே பேர். அது நமக்கு உரிமை தந்த பட்டியல்தான், மறுக்கவில்லை. ஆனால் அதில் எந்தச் சாதிகள் இருக்கின்றனவோ அவற்றில் பிறந்தவனை ஊர் ஒரு நாளும் மறக்காது. வீடு மாறினாலும் ஊர் மாறினாலும் நாற்றம் பிடித்துக் கண்டுபிடித்துவிடும். இன்னொன்று வாக்காளர் பட்டியல். தெரு மாறினாலே அதில் தொலைந்துபோகிறோம். சாதிக்கு இருக்கிற ஞாபகசக்தி குடியுரிமைக்கு ஏன் இல்லை?

பேரு இருந்துவிட்டால் மட்டும் போதுமா என்று கிராமத்துத் தோழர்கள் கேட்பார்கள். 2019 ஏப்ரல் 18, ஓட்டுப் போடும் நாளில், பொன்பரப்பியில் தலித் வீடுகளை அடித்து நொறுக்கினார்கள். அங்கே பட்டியலில் பேர் இருந்தது, பூத்துக்குப் போகிற வழியில் தடி இருந்தது. நகரத்தில் தடி தேவைப்படவில்லை. கணக்கில் விட்டுப்போனால் போதும், அடிக்காமலே அனுப்பிவிடலாம். தடியைக் கண்டித்து ஊர்வலம் போகலாம். விட்டுப்போனதைக் கண்டித்து யார் வீட்டு முன்னால் போய் நிற்பது?

அமெரிக்கக் கறுப்பர்களுக்கு இது புரியும். அங்கேயும் சண்டை ஓட்டுப்பெட்டியில் நடக்கவில்லை, பதிவு அலுவலகத்து வாசலில் நடந்தது. 1962-இல் மிசிசிப்பியில் ஃபேனி லூ ஹேமர் பேரைப் பதியப் போனார். அன்றைக்கே தோட்டக்காரன் அவரை வீட்டைவிட்டு வெளியேற்றினான். அங்கே பதியப் போனதால் வீடு போயிற்று. இங்கே வீடு போனதால் பதிவு போகிறது. 1970-களில் மெய்ன், மினசோட்டா, விஸ்கான்சின் மாநிலங்களில் பதிவும் ஓட்டும் ஒரே நாளில் என்று சட்டம் வந்தது. மினசோட்டாவில் முகவரிச் சான்று இல்லாவிட்டால், அதே பகுதியில் பதிவான வாக்காளர் ஒருவர் 'இவர் எங்க பக்கத்துக்காரர்' என்று கையெழுத்துப் போட்டால் போதும். வடக்கு டகோட்டாவில் பதிவே கிடையாது. ஆனால் அங்கேயும் தெரு முகவரி உள்ள அடையாள அட்டை வேண்டும் என்று விதி போட்டு, தெருப் பேரே இல்லாத பூர்வகுடிகளை 2018-இல் தவிக்கவிட்டார்கள். பட்டியலை எடுத்தாலும் சந்தேகம் போகாது, வேறு உருவத்தில் வந்து நிற்கும்.

அமெரிக்காவுக்கு ஏன் போக வேண்டும்? நம் நாட்டிலேயே முன்மாதிரி உண்டு. 1948-இல் முதல் பட்டியல் தயாரித்தபோது பிரிவினை அகதிகள் என்ன சான்று வைத்திருந்தார்கள்? 'இந்த ஊரில் நிரந்தரமாக வசிக்கப்போகிறேன்' என்று அவர்கள் எழுதித் தந்த உறுதிமொழியே போதும், எத்தனை நாள் இருந்தாய் என்று கேட்க வேண்டாம் என்று முடிவு செய்தார்கள். வாய்ச்சொல்லை அரசு ஒரு தடவை நம்பியிருக்கிறது. அதே அரசு, சொந்தப் பேர் சொல்லாமல் 'இன்னாரின் மனைவி' என்று மட்டும் எழுதவைத்த சுமார் 28 லட்சம் பெண்களை அந்தப் பட்டியலிலிருந்து நீக்கியும் இருக்கிறது. எல்லைக்கு அப்பாலிருந்து வந்தவரை நம்ப முடிந்தது. நகரத்துக்குள்ளேயே அகதியாக்கப்பட்ட பேசின் பிரிட்ஜ்காரரை நம்ப முடியாதா?

இங்கே ஒரு மறுப்பு வரும். அதைத் தட்டிக்கழிக்க முடியாது, ஏனென்றால் அது நம் ஆட்களே சொல்கிற மறுப்பு. 'கள்ள ஓட்டால அதிகம் அடிபட்டவங்க நாமதான். நாம போறதுக்குள்ள நம்ம ஓட்ட எவனோ போட்டிருப்பான். அன்னிக்கே பதியலாம்னு சொன்னா, ஆதிக்கச் சாதிக்காரன் லாரியில ஆள் ஏத்திட்டு வந்து எறக்குவான், கட்சிக்காரன் காசு குடுத்துக் கூட்டிட்டு வருவான். பூட்டின பட்டியல்தான் நமக்குப் பாதுகாப்பு.' நியாயமான பயம். எழும்பூர், திரு.வி.க. நகர் மாதிரித் தனித் தொகுதிகளில்கூட வேட்பாளர் நம்மவர், ஜெயிக்கவைக்கிறது எல்லாரும். 1932 பூனா ஒப்பந்தத்திலிருந்து இதுதான் கணக்கு. அங்கே நம் ஒரு பேர் போனாலும் நஷ்டம், பொய்யாக ஒரு பேர் புகுந்தாலும் நஷ்டம்.

ஆனால் ரெண்டு தப்பும் ஒன்றா? குற்ற வழக்கில் குற்றத்தை நிரூபிக்கிற பாரம் அரசுடையது. சந்தேகத்தின் பலன் எதிரிக்கு. ஓட்டு விஷயத்தில் மட்டும் 'நான் பொய் இல்ல' என்று நிரூபிக்கிற பாரம் ஏழையுடையது, சந்தேகத்தின் பலன் பட்டியலுக்கு. கொலைக் குற்றம் சாட்டப்பட்டவருக்குத் தருகிற மரியாதையை ஓட்டுப் போட வந்தவருக்கும் தரச் சொல்கிறோம்.

இதற்கு வழியும் நம் சட்டத்துக்குள்ளேயே இருக்கிறது. உங்கள் ஓட்டை வேறொருவர் போட்டுவிட்டால், 49பி விதிப்படி டெண்டர் ஓட்டுப் போடலாம். அந்தச் சீட்டைத் தனி உறையில் வைப்பார்கள், பிறகு நீதிமன்றம் கேட்டால் பார்ப்பார்கள். பேர் திருடுபோனவருக்கு ஓர் உறை வைத்திருக்கிற சட்டம், பேர் விட்டுப்போனவருக்கு ஏன் ஒன்றும் வைக்கவில்லை? அவரும் அன்றைக்கே பதிவுப் படிவம் எழுதட்டும். பக்கத்துக்காரர் ரெண்டு பேர் சாட்சிக் கையெழுத்துப் போடட்டும். விரலில் மை வைக்கட்டும். 1962 தேர்தலிலிருந்து மைசூரிலிருந்து வருகிற அந்த மை, ஒரே ஆள் ரெண்டு தடவை போடாமல் தடுக்கத்தானே! ஓட்டு உறைக்குள் போகட்டும். சில நாளில் விசாரித்து உண்மையென்றால் எண்ணு, பொய்யென்றால் வழக்குப் போடு. உள்ளே வந்தவர் பொய் சொன்னார் என்று நிரூபிக்கிற வேலை அரசுடையதாக இருக்கட்டும். லாரியில் ஏற்றி வந்தவனுக்கு இங்கே பக்கத்து வீடும் இருக்காது, சாட்சிக்குப் பிளாட்பாரத்துச் சனமும் வராது.

'ஓட்டுப் போட்டு இதுவரைக்கும் என்ன கிழிச்சோம்?' என்று கேட்கிற தோழர்களுக்கும் ஒரு வார்த்தை. ஓட்டை மறுப்பது ஒரு அரசியல், அதோடு விவாதிக்கலாம். மறுப்பதற்குக்கூட முதலில் கையில் ஓட்டு இருக்க வேண்டும். அந்த அக்கா யாருக்கு ஓட்டுப் போட்டிருப்பார் என்று எனக்குத் தெரியாது. நமக்குப் பிடிக்காத கட்சிக்கே போட்டிருக்கலாம், நோட்டாவை அமுக்கியிருக்கலாம். அது அவர் பாடு.

அதனால் அடுத்த தேர்தல் வரைக்கும் காத்திருக்காமல், பிளாட்பாரங்களிலும் பெரும்பாக்கம் அடுக்குமாடிகளிலும் இப்போதே படிவம் 6 எழுதித் தருகிற வேலையை எடுத்துக்கொள்வோம். தகுதி தேதி வருஷத்துக்கு நாலு தடவை வருகிறது, ஜனவரி, ஏப்ரல், ஜூலை, அக்டோபர் ஒன்றாம் தேதிகள். அந்த வேலையோடு சேர்த்தே, பதிவும் ஓட்டும் ஒரே நாளில் என்கிற கோரிக்கையைக் கட்சிகளிடமும் நாடாளுமன்றத்திடமும் வைப்போம். பட்டியலைத் திருத்து என்று மட்டும் கேட்டால் போதாது. திருத்தின பட்டியலிலும் யாராவது விட்டுப்போவார்கள். விட்டுப்போனவர் வாசலில் வந்து நிற்கும்போது அவரை என்ன செய்வாய் என்று கேட்க வேண்டும்.