வணக்கம் யார்க்கு உரியது?

கடந்த வைசாகப் பௌர்ணமியன்று கிடர்பூரில் அன்பர் ஒருவர் இல்லத்தில் திரிசரணமும் பஞ்சசீலமும் ஓதி முடிந்தபின், முதியவர் ஒருவர் தம் பேரனை அழைத்துப் பகவன் திருவுருவை வணங்குமாறு பணித்தார். பிள்ளை கல்லூரியிற் பயில்வோன். அவன் நிமிர்ந்து நின்றபடியே, "குனிந்து குனிந்துதானே தாத்தா, நம் முதுகு வளைந்தது? இனி நான் எவர் முன்னும் குனியேன்" என்றான். வீட்டில் ஓசை அடங்கிற்று. பிரசாரகர் விடை கூறுவார் என்று அனைவரும் நம் முகத்தை நோக்கினர். நாமோ, "பெரியோர் சொல்லைத் தட்டாதே" என்று அதட்டிவிட்டோம். அவன் கேட்டது வினா. நாம் அளித்தது அதட்டல். ஆதலின் காலந்தாழ்ந்தேனும் அவ்வினாவை ஈண்டு ஆராயத் துணிந்தோம்.

அன்பர்களே, அப்பிள்ளையின் சொல்லில் உண்மை இல்லையென்று கூற நம்மால் இயலாது. நம் தந்தையார் வடார்க்காட்டுச் சிற்றூரொன்றில் தோள்துண்டைக் கக்கத்தில் இடுக்கியும், செருப்பைக் கையில் ஏந்தியும் மேட்டுத்தெருவைக் கடந்தவர். அவ்வழக்கத்துக்கும் ஊரார் இட்டிருந்த பெயர் மரியாதை என்பதேயாம். பிழைப்பு நாடி அவர் கல்கத்தா வந்தார். நாமும் இளமையில் ஹூக்ளிக்கரைச் சணல் ஆலை ஒன்றில் பதலியாய் நுழைந்தோம். பதலி என்பான், நிரந்தரத் தொழிலாளி வாராத நாளில் மட்டும் அவனிடத்தில் வேலை பெறுவோன். விடியுமுன் ஆலை வாயிலில் நின்று, சர்தாரின் கண் தன்மேல் விழுமாறு சலாம் செய்தல் வேண்டும். கண் விழாத நாளில் அடுப்பெரியாது. அந்தச் சலாமில் மரியாதை எள்ளளவும் இல்லை. பசியே கையை நெற்றிக்கு உயர்த்திற்று.

அவ்வாலையின் தறிப்பகுதியில் முதிய தொழிலாளி ஒருவர் இருந்தார். இரண்டு விரல்களை இயந்திரத்துக்குக் கொடுத்தவர். எஞ்சிய விரல்களால், அறுந்த இழையை விரைந்து முடிச்சிடும் வகையை நமக்குக் கற்பித்தவர் அவரே. ஒருநாள் சர்தார் அவரைப் பலர் முன்னிலையில் இழித்துரைத்துச் சிரித்தான். நாமும் சிரித்தோம். நகைத்தற்கு அங்கு ஒன்றுமில்லை. சர்தார் சிரித்தமையாற் சிரித்தோம். தகாதவனை வணங்கியது வறுமையின் குற்றம் எனலாம். தக்கவரை இகழ்ந்தது எவர் குற்றம்? அம்முதியவர் யாதும் கூறாது தறிக்குத் திரும்பினார்.

நிற்க. தேரகாதையிற் காணும் சுனீதர், வாடிய மலர்களை அள்ளியெறிந்து பிழைத்தவர்; மனந்தாழ்ந்து பலரையும் வணங்கியே வாழ்ந்ததாகத் தாமே கூறுகின்றார். மகத நாட்டு நகரொன்றுள் பகவன் எழுந்தருளக் கண்ட அவர், சுமையை இறக்கிவைத்து அணுகினார். பகவன் அவர்பொருட்டு நின்றார். சுனீதர் வணங்கினார், துறவு வேண்டினார், பெற்றார். அதே முதுகுதான், அதே வளைவுதான். ஆயினும் முன்னைய வணக்கங்கள் எல்லாம் அவரைத் தேய்த்தன; இவ்வொன்று அவரை எழுப்பிற்று. வேறுபாடு பகவன் நின்றதில் இருக்கின்றது. நாம் அறிந்த சர்தார் எவர்பொருட்டும் நின்றதில்லை.

விநயபிடகத்தில் இதனினும் வியப்பான செய்தியொன்று உண்டு. அனுருத்தர், ஆனந்தர், பத்தியர் முதலிய சாக்கிய இளைஞர் துறவு பூண வந்தபோது, உடன்வந்த நாவிதர் உபாலியை முதலிற் சங்கத்திற் சேர்க்குமாறு தாமே வேண்டினர். தாம் சாக்கியர், செருக்குடையோர் என்றும், தமக்குப் பணிசெய்தவர் தமக்கு மூத்தவராயின் அவரைக் கண்டு எழுந்து கைகூப்ப நேரும், அதனாற் செருக்கு அடங்கும் என்றும் காரணமும் உரைத்தனர். பகவனும் அவ்வாறே செய்தார். அரசகுமாரர் நாவிதரை வணங்கினர். பின்னர் இராசகிருகத்து முதற் சங்கீதியில் விநயம் முழுமைக்கும் விடைகூறியவர் அந்த உபாலியே. பகவன் வணக்கத்தை ஒழித்தாரில்லை. பிறப்போடு அது பூண்டிருந்த விலங்கைத்தான் அறுத்தார். (அதே விநயத்தில், நூறாண்டு மூத்த பிக்குணியும் அன்று சேர்ந்த பிக்குவை வணங்குக என்னும் விதியும் காணப்படுகின்றது. அது நமக்கு உடன்பாடன்று. அதனை மறைத்துவிட்டு உபாலியை மட்டும் எடுத்துப் பேசுதல் நேர்மையாகாது.)

வணங்காது வாழ்தலே விடுதலை என்பார்க்கு ஒன்று கூறுவோம். போதி எய்தியபின் பகவன் நேரஞ்சரைக் கரையில், ஆட்டிடையர் ஆலமரத்தடியில் வீற்றிருந்தபோது, மதித்தற்கு ஒருவரும் இன்றி வாழ்தல் துன்பமென எண்ணினாராம். தம்மினும் உயர்ந்தாரை எங்கும் காணாது, தாம் கண்ட தம்மத்தையே மதித்து வாழத் துணிந்தார் என்று சம்யுத்த நிகாயம் கூறும். உலகில் எவரையும் வணங்கவேண்டாதவர் ஒருவர் உளரேல் அவர் பகவனே. அவரே தமக்கு மேல் ஒன்றை வைத்துக்கொண்டார். தனக்கு மேல் ஒன்றும் இல்லையென்று நினைப்பவன் கையில் ஒரு தறிக்கூடத்தைக் கொடுத்தாலும் அங்கு அவன் என்னாவான் என்பதை நாம் கண்ணாரக் கண்டவர்கள்.

கிரேக்க நாட்டுப் பிளேட்டோவின் நூல்களுள் புரொட்டகோரசு என்பது ஒன்று. அதில் ஒரு கதை வருகின்றது. மாந்தர் ஒருவரையொருவர் அழித்துக்கொள்ளாவண்ணம் தேவர்தலைவன் நாணத்தையும் நீதியையும் அவர்க்கு அனுப்பினானாம். வைத்தியம் முதலிய கலைகளைப்போல் இவற்றையும் சிலர்க்கே ஈவதோ என்று தூதன் வினவ, எல்லார்க்கும் ஈக என்றானாம். இரண்டையும் சேர்த்தே அனுப்பினான் என்பதை நோக்குக. பகவனும் பழிக்கு நாணுதல், பழிக்கு அஞ்சுதல் என்னும் இரண்டையும் உலகின் காவலர் என்றார். வள்ளுவர் அடக்கமுடைமைக்கு ஓர் அதிகாரம் தந்தவர். மானத்துக்கும் ஓர் அதிகாரம் தந்தார். பழையோர் எவரும் ஒன்றை விட்டு ஒன்றைக் கொள்ளச் சொல்லவில்லை. நம் ஊர்களிலோ பணிவை ஒரு தெருவுக்கும் நீதியை மறு தெருவுக்குமாகப் பங்கிட்டுவிட்டனர். இன்றைய இளைஞர் பழைய அறங்களைக் கண்டாலே முகஞ்சுளிப்பதற்குக் காரணம் இதுவே. அவர்தம் வெறுப்பு அறத்தின்மேலன்று, அந்தப் பங்கீட்டின்மேல்.

பாபாசாகேப் அம்பேத்கர் 1949 நவம்பர் 25ஆம் நாள் அரசியல் நிர்ணய சபையிற் பேசுகையில், அரசியலில் தனியொருவரிடம் பக்தி கொள்ளுதல் வீழ்ச்சிக்கும் முடிவில் சர்வாதிகாரத்துக்கும் வழி என எச்சரித்தார். அவரே 1956 அக்டோபர் 14ஆம் நாள் நாகபுரியில், முதியவரான சந்திரமணி மகாதேரரிடம் சரணங்களை ஏற்று, பகவன் உருவின்முன் கைகூப்பித் தலைவணங்கினார். வாழ்நாளெல்லாம் பிறப்பாளர் முன் குனிய மறுத்த தலை அது. முன்னையது உண்மையாயிருந்தமையாலன்றோ பின்னையதற்கு மதிப்பு உண்டாயிற்று? இக்காலத்து நம்மவருட் சிலர், அவர் சிலைக்கு மாலையிட்டுவிட்டு, அம்மாலையைப் பெருக்கித் தள்ளும் துப்புரவுத் தொழிலாளியை 'ஏய்' என்று விளிக்கின்றனர். இதனை நாம் இருமுறை கண்டிருக்கின்றோம்.

சிகாலன் என்னும் இளைஞன், இறந்த தந்தையின் சொற்படி ஈரவாடையோடு ஆறு திசைகளையும் தொழுது நின்றானாம். பெற்றோரைக் கிழக்காகவும், ஆசிரியரைத் தெற்காகவும் கொள்க என்று உபதேசித்துவந்த பகவன், கீழ்த்திசையாகப் பணியாளரை வைத்தார். வலிமைக்கேற்ற வேலை, உணவும் ஊதியமும், நோயிற் பேணுதல், அரிய உணவைப் பகிர்தல், உரிய காலத்தில் ஓய்வு ஆகியன முதலாளி அத்திசைக்குச் செய்யும் வழிபாடு. காலின்கீழ் உள்ள திசைக்கும் தொழுகை உண்டென்பதை ஆலையில் இருந்த நாட்களில் நமக்கு யார் சொன்னார்?

கிடர்பூர் ஆற்றங்கரை அத்தகைய கீழ்த்திசைகளுள் ஒன்று. 1834 முதல் கல்கத்தாவிலிருந்து ஒப்பந்தக் கூலிகள் மொரீசியசுக்கும், பின்னர் டிரினிடாடு, கயானா, சுரினாம், பிஜி ஆகிய நாடுகட்கும் கப்பலேற்றப்பட்டனர். 1917இல் அது நிறுத்தப்பட்டது. எண்ணும் சாதியும் உடலடையாளமும் குறித்த சீட்டோடு அவர் சென்றனர். 2011இல் இங்கு அவர்க்கு ஒரு நினைவுக்கல் நாட்டப்பட்டது.

சென்ற ஞாயிறன்று அப்பிள்ளையோடு அவ்வழியே நடந்தோம். அன்று அதட்டியது நம் பிழை என்று ஒப்பினோம். இதுகாறும் எழுதியவற்றையும், தறிப்பகுதி முதியவரைக் கண்டு சிரித்ததையும் அவனுக்கு உரைத்தோம். அவன் நெடுநேரம் யாதும் பேசவில்லை. பின்னர், "அவர் பெயர் என்ன?" என்றான். நாம் அறிந்திலோம். ஆலையில் அவரை டோக்கன் எண்ணால் அழைத்தனர்; நாமும் அவ்வாறே அழைத்துவந்தோம்.