கொடியவன் என்னும் முகம்

தீயவனாக நடிப்பவரிடம் அத்தீமை ஒட்டிக்கொள்ளுமா? எகிப்தியத் திரைநடிகர் மஹ்மூத் எல் மெலிகியின் (1910–1983) வாழ்வு இவ்வினாவை நம்முன் வைக்கிறது. பல்லாண்டுகள் அவருக்குக் கிடைத்தவை பெரும்பாலும் வஞ்சகர், கொள்ளையர் வேடங்களே. தீமையை இனிப்பாக்கிக் காட்டும் கலையே குற்றமுடையது. அதை அருவருக்கச் செய்பவர் அறத்திற்கே உதவுகிறார் என்போம். பார்க்கும் நாமோ வேடத்தையே முகமாகக் கொள்கிறோம். சுங்கச்சாவடியில் ஊரார் கண்டது பாவியை மட்டுமே. ஆண்டவர் அங்கே ஒரு சீடரைக் கண்டார்.

இயக்குநர் யூசுப் ஷாஹீன் அலெக்சாந்திரியாவில் கிறித்தவக் குடும்பத்தில் பிறந்தவர். 1970-இல் கான் திரைப்பட விழாவில் இடம்பெற்ற அவரது ‘நிலம்’ படத்தில் மெலிகி முதிய உழவர் அபூ சுவைலம். கதை 1930-களின் சிற்றூரில் நிகழ்வது. பாசன நீர் குறைக்கப்படுகிறது. நிலப்பிரபுவின் சாலைக்காக வயல்கள் பறிக்கப்படுகின்றன. காவலில் அவரது மீசையையும் மழித்துவிடுகின்றனர். (உழவரின் மானத்தை எங்கே தாக்குவது என்று அதிகாரம் நன்கறியும்!) இறுதியில் குதிரையில் கட்டி இழுத்துச் செல்லப்படும்போது, குருதி வழியும் அவர் விரல்கள் மண்ணை விடாது பற்றுகின்றன.

தம் இளமையைத் தழுவி ஷாஹீன் எடுத்த ‘அலெக்சாந்திரியா, ஏன்?’ 1979-இல் வெளிவந்தது. அதில் தந்தை வேடத்தை அவர் அளித்தது, எகிப்து கொடியவராகவே கண்டு பழகிய இதே மெலிகிக்குத்தான்.