கணப்பும் குழாயும்

குளிர்நாட்டு வீட்டில் அடுப்பு வெப்பம் தருவதோடு முடிந்துவிடுகிறதா என்ற கேள்வியை ஆழமாக எடுத்துக்கொண்டவர் ஆல்பர்ட் போர்க்மன். 1937இல் ஜெர்மனியின் ஃப்ரைபர்க்கில் பிறந்து, அமெரிக்காவின் மொன்டானா பல்கலைக்கழகத்தில் தத்துவம் கற்பித்தவர். 1984இல் வெளியிட்ட நூலில் விறகடுப்பையும் வீடு முழுவதையும் சூடாக்கும் நவீன இயந்திரத்தையும் எதிரெதிரே நிறுத்தினார். விறகடுப்பு வேலை வாங்கும்: ஒருவர் விறகு பிளக்க, ஒருவர் அடுக்கி வைக்க, ஒருவர் தீ மூட்ட, குடும்பமே அதைச் சுற்றிக் கூடும். இயந்திரம் எதையும் கேட்காது. நிலவறையில் மறைந்திருந்து வெப்பத்தை மட்டும் அனுப்பும். மையத்தைக் குறிக்கும் ‘ஃபோகஸ்’ என்ற சொல்லுக்கு லத்தீனில் அடுப்படி என்று பொருள். ரோமர் தம் இல்லத் தெய்வங்களுக்குப் படைத்த இடமும் அதுவே. வீடு அந்த மையத்தை இழந்துவிட்டது என்பதே போர்க்மனின் கவலை.

அயர்லாந்து, பிரிட்டன் கிராம வீடுகளில் உள்ள ஒருவகை அடுப்பு இந்தப் பிரிவினைக்குள் எளிதில் அடங்காது. அதன் முதுகில் எஃகு நீர்க்கலம் பொருத்தியிருக்கும். அதில் சூடேறிய நீர் லேசாகித் தானே மேலேறி வெந்நீர்த் தொட்டியைச் சூடாக்கும். மற்ற அறைகளின் ரேடியேட்டர்களுக்கு அதை மின்பம்ப் தள்ளும். மாடியில் படுத்திருப்பவர் தீயைப் பார்ப்பதேயில்லை. போர்க்மன் கணக்கில் அவருக்கு இது இயந்திரம்தான்.

மின்சாரம் போனால் நிலைமை வேறு. பம்ப் நிற்கும், எரியும் கட்டை நிற்காது. எரிவாயு பாய்லரைப் போல சுவிட்சைத் தட்டி அணைக்க முடியாது. வெந்நீர்த் தொட்டி சூடேறி முடிந்தபின் கலத்து நீர் கொதித்துவிடலாம். அதனால்தான் ஒரு ரேடியேட்டருக்கு மட்டும் வால்வு வைப்பதில்லை. அகன்ற குழாய் ஒன்று அடுப்பிலிருந்து ஏற்றமாக அதற்குப் போகும். பம்ப் இல்லாமலே சூடு அதன் வழியே வெளியேறும். யார் நினைத்தாலும் மூட முடியாத அந்த ஒற்றை ரேடியேட்டர், தீக்கு மனிதர் கொடுக்கும் மரியாதை. ஆகவே தீ கண்ணில் படுகிறதா என்று பார்ப்பதைவிட, அதற்கு ஓர் ஆள் பொறுப்பேற்க வேண்டியிருக்கிறதா என்று பார்ப்பதே சரி. திரும்பி வரும் நீர் அதிகம் குளிர்ந்திருந்தால் கலத்தில் தார் படியும். ஈர விறகை எரித்தால் புகைபோக்கியிலும் படியும். ஆள் விலகி இருக்க இந்த அடுப்பு விடுவதில்லை.

ஒன்றில் போர்க்மனை மறுக்க முடியாது. பழைய அடுப்பு வேலையையும் சேர்த்துப் பங்கிட்டது; குழாய் வெப்பத்தை மட்டும் பங்கிடுகிறது. ஆளுக்கொரு அறையில் எல்லோரும் கதகதப்பாகத் தூங்கிக்கொண்டிருக்க, விடியற்காலையில் கீழே இறங்கிவந்து சாம்பலை அள்ளி விறகு அடுக்குவது ஒருவர்தான்.